லிங்கன் கம்பெனியும் ஆஸ்கர் மிஷோவும்: சிறு முதலில் படமெடுத்த இரு வழிகள்

1918இல், அமெரிக்காவின் ஒமாஹா நகர அஞ்சலகத்தில் எழுத்தராக இருந்த ஜார்ஜ் ஜான்சன், 'தி ஹோம்ஸ்டெடர்' நாவலைப் படமாக்கும் உரிமையைக் கேட்டு அதன் ஆசிரியரான கறுப்பின எழுத்தாளர் ஆஸ்கர் மிஷோவுக்குக் கடிதம் எழுதினார். ஜார்ஜின் அண்ணனும் நடிகருமான நோபிள் ஜான்சன் தலைவராக இருந்த லிங்கன் மோஷன் பிக்சர் கம்பெனி, கறுப்பினப் பார்வையாளர்களுக்காகக் கறுப்பினத்தவரே நடத்திய தொடக்ககால நிறுவனங்களுள் ஒன்று. இரண்டு மூன்று ரீல்களுக்குள் (ஒரு ரீல் என்பது ஏறத்தாழப் பத்துப் பதினைந்து நிமிடம் ஓடும் படச்சுருள்) கதையை முடித்துப் பழகிய அந்நிறுவனத்திடம் மிஷோ குறைந்தது ஆறு ரீல் கேட்டார். படப்பிடிப்பைத் தாமே மேற்பார்வையிட வேண்டுமென்றும் பிடிவாதம் பிடித்தார். பேச்சு முறிந்தது.

பணம் திரட்டிய விதத்தில்தான் இரு தரப்பும் அடிப்படையில் வேறுபட்டன. லிங்கனை நடத்தியவர்களுக்குப் பிழைப்பு வேறிடத்தில் இருந்தது: ஜார்ஜ் அஞ்சலக வேலையை விடாமலே விநியோகத்தைக் கவனித்தார், நோபிளுக்கு யுனிவர்சல் ஸ்டுடியோ சம்பளம் கொடுத்தது. இது பாதுகாப்பாகத் தோன்றினாலும் அதுவே சுருக்குக் கயிறாகவும் ஆனது. 1918இல் யுனிவர்சலின் நெருக்குதலால் நோபிள் தம் சொந்த நிறுவனத்திலிருந்து விலக நேர்ந்தது. ஒரு படத்தின் வசூல் கைக்கு வந்த பிறகே அடுத்ததைத் தொடங்க முடிந்த லிங்கன், ஐந்து படங்களோடு 1920களின் தொடக்கத்தில் ஓய்ந்தது.

மிஷோவுக்கு அப்படிப்பட்ட மாற்று வருமானம் எதுவும் இல்லை. ரயிலில் புல்மன் என்ற படுக்கைப் பெட்டியின் பணியாளராக இருந்து, தெற்கு டகோட்டாவில் நிலம் வாங்கி உழுது, பின் தம் நாவல்களைத் தாமே அச்சிட்டு வீடு வீடாக விற்றவர் அவர். அதே விற்பனைத் திறமையால் அயோவாவின் சூ சிட்டி வட்டார விவசாயிகளிடம் பங்குகளை விற்று, 1919இல் 'தி ஹோம்ஸ்டெடர்' நாவலை எட்டு ரீல் படமாகவே வெளியிட்டார். எடுக்கப்போகும் படத்தின் நிழற்படங்களைத் திரையரங்கு உரிமையாளர்களிடம் காட்டி முன்பணம் வாங்குவது பின்னாளில் அவருக்கு வழக்கமாயிற்று. 1928இல் திவாலானபோதும் அவர் நிற்கவில்லை. 1931இல் பேசும்படத்துக்கு மாறி, 1948 வரை மொத்தம் நாற்பதுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்தார்.

தொழில்நேர்த்தி என்று பார்த்தால் மிஷோவின் பக்கம் வாதாடுவது கடினம். காட்சியை மறுபடி எடுக்கப் படச்சுருளுக்குக் காசில்லாத அவசரம் திரையில் அப்படியே தெரிகிறது. ஆனால் துணிவில் அவருக்கு ஈடு இல்லை. உழைத்து முன்னேறும் கண்ணியமான நாயகர்களை லிங்கன் காட்டியது; 1919 இனக்கலவரத்தின் காயம் ஆறாத சிக்காகோவில், கும்பல் கொலையைக் காட்டும் 'வித்தின் அவர் கேட்ஸ்' படத்தை 1920இல் தணிக்கையோடு மல்லுக்கட்டித் திரையிட்டவர் மிஷோ. பின்னாளில் புகழ்பெற்ற பாடகரும் நடிகருமான பால் ரோப்சனை முதன்முதலில் திரைக்குக் கொண்டுவந்ததும் அவரே (1925). பார்வையாளரைச் சங்கடப்படுத்தத் தயங்காத அந்த முரட்டுத்தனத்துக்காகவே என் வாக்கு அவருக்கு.

எஞ்சியவற்றில் கணக்கு சற்றே மாறுகிறது. மிஷோவின் மௌனப் படங்களில் மூன்றே முழுநீளப் படங்கள் கிடைத்துள்ளன. அவற்றுள் 'வித்தின் அவர் கேட்ஸ்' ஸ்பெயினில் அகப்பட்டது. லிங்கனுக்கோ கடைசிப் படத்தின் சில நிமிடத் துண்டு மட்டுமே மிச்சம். இருந்தாலும் ஜார்ஜ் ஜான்சன் கடிதங்களையும் பத்திரிகைத் துணுக்குகளையும் விடாமல் சேர்த்துவைத்தார். அவை இன்று லாஸ் ஏஞ்சலிஸின் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் உள்ளன. ஆறு ரீலுக்காக மிஷோ நடத்திய பேரத்தை நாம் அறிவது அந்தப் போட்டியாளரின் கோப்புகளிலிருந்துதான்.