எச்சரிக்கை: ஒரு ரூபாய் ஆப்பும் தடைக்கால நிவாரணமும்

மண்டபம், பாம்பன், தங்கச்சிமடம் பக்கம் காற்று பார்க்க என்று போனில் ஏதாவது ஆப் ஏற்றி வைத்திருப்பவர்கள் இதைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். காற்று ஆப் என்று இல்லை, "வெறும் 1 ரூபாய்" என்று சொல்லி ஒரு தடவை யுபிஐ பின் நம்பர் போட வைத்த எந்த ஆப்பாக இருந்தாலும் சரி. எங்கள் மாமாவுக்கு வந்த மீன்பிடித் தடைக்கால நிவாரணத்தில் அப்படி ஒரு ஆப் கை வைத்திருக்கிறது. அதை நிறுத்துவதற்குள் நாங்கள் பட்ட பாடு இருக்கிறதே, அது பணம் போனதைவிடப் பெரிய பாடு.

மாமா மண்டபத்தில் விசைப்படகில் கூலிக்குப் போகிறவர். ஏப்ரல் 15-லிருந்து ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகாது என்பது நம்மூரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அந்த நாட்களில் மாமா சொந்தக்காரர் ஒருவருடைய வள்ளத்தில், அதாவது தடை இல்லாத சின்னப் படகில், தொழிலுக்குப் போவார். விசைப்படகு என்றால் காற்றைப் பற்றிய கவலை டிரைவருக்கும் படகு முதலாளியான சம்மாட்டிக்கும். வள்ளத்தில் அது அவரவர் தலையில்தான். கச்சான் காற்று கிளம்பிவிட்டால் கரை வந்து சேர்வதற்குள் உயிர் போய் உயிர் வரும். அதனால் கூட வந்த ஒருவர் காட்டிக் கொடுத்த ஆப்பைத் தன் போனிலும் ஏற்றிக்கொண்டார். அம்புக்குறி, நிறம் நிறமாகக் கடல், அலை உயரம் எல்லாம் நன்றாகத்தான் காட்டியது. அந்த விஷயத்தில் குறை இல்லை.

நிவாரணப் பணம் கணக்கில் ஏறிய பிறகுதான் விவகாரமே தெரிந்தது. மாமா எனக்குப் போன் செய்தார். "மாப்ள, எட்டாயிரம் வந்துச்சுன்னு சொன்னாங்க. எடுக்கப் போனா எண்ணூறு ரூவா போலக் குறையுது. பேங்குக்காரன் புடிச்சுட்டானா என்னன்னு பாரு." நானும் முதலில் குறைந்தபட்ச இருப்பு இல்லை என்று வங்கிதான் பிடித்திருக்கும் என நினைத்தேன். ராமநாதபுரத்திலிருந்து போய் பாஸ்புக்கைப் பதிந்து பார்த்தால் கதையே வேறு. தடைக்காலம் ஆரம்பித்த புதிதில் இரண்டு தடவை 199 ரூபாய் போயிருக்கிறது. அப்புறம் கணக்கில் காசு இல்லை, எடுக்க முடியவில்லை. நிவாரணம் ஏறிய கையோடு விட்டுப்போன மூன்று வாரத்துக்கும் சேர்த்து 597 ரூபாய். அடுத்த வாரம் மறுபடி 199. முதல் நாள் போட்ட ஒரு ரூபாயையும் சேர்த்தால் 1,195.

மாசச் சம்பளக்காரனுக்கு இது ஒரு தொகையா என்று கேட்கலாம். தடைக்காலத்தில் ஒரு குடும்பத்துக்கு அரசு கொடுப்பதே 8,000 ரூபாய். அதை வைத்துத்தான் அரிசி, பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் திறக்கும் நேரத்துச் செலவு, பழைய கடனுக்கு வட்டி எல்லாம். பணம் எப்போதாவதுதான் வருகிற கணக்கை இந்தக் கூட்டம் ரொம்பப் பொறுமையாகக் காத்துக்கொண்டிருக்கும்.

அது எப்படி நடக்கிறது என்று சொல்கிறேன். அந்த ஆப்பைத் திறந்ததும் ஒரு திரை வரும். பெரிய எழுத்தில் "1 ரூபாய் மட்டும்". அதற்குக் கீழே பச்சைப் பட்டன். பட்டனுக்கும் கீழே, வெள்ளைத் திரையில் சாம்பல் நிறத்தில், கண்ணாடி போட்டுக்கொண்டு பார்த்தால் மட்டும் தெரிகிற அளவில் ஆங்கிலத்தில் ஒரு வரி: மூன்று நாள் கழித்து வாரம் 199. பட்டனைத் தொட்டால் நேராக யுபிஐ ஆப் திறந்து பின் கேட்கிறது. மாமா ஒரு ரூபாய்க்குப் பின் போட்டதாக நினைத்தார். உண்மையில் அவர் போட்டது ஆட்டோபே என்கிற நிரந்தர ஒப்புதலுக்கு.

அந்த ஒப்புதலை யுபிஐ ஆப்பில் தேடி எடுத்துப் படித்தபோதுதான் எனக்கு வயிற்றைக் கலக்கியது. அதிகபட்சத் தொகை 2,000 ரூபாய். எத்தனை நாளைக்கு ஒருமுறை என்கிற இடத்தில் வாரம் என்றோ மாதம் என்றோ இல்லை. அவர்கள் எப்போது கேட்டாலும் என்று பொருள்படும்படி போட்டிருந்தது. முடிவுத் தேதி 2055. மாமாவுக்கு இப்போதே ஐம்பத்தெட்டு. "அப்ப நான் இருக்கேனோ இல்லையோ, அவன் எடுத்துக்கிட்டே இருப்பானா?" என்று கேட்டார். அத்தைக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

வாரம் 199 என்று சொன்னவன் ஒரே நாளில் 597 எடுக்க முடிந்தது அந்த 2,000 என்கிற எண்ணால்தான். சின்ன எழுத்தில் வாரக் கட்டணத்தையாவது காட்டுகிறார்கள், இந்த அதிகபட்சத் தொகையை யாரும் பார்ப்பதே இல்லை. இப்படி ஒப்புதல் கொடுத்துவிட்டால் 15,000 ரூபாய் வரை ஒவ்வொரு முறையும் பின் கேட்கவே வேண்டாம் என்பது ரிசர்வ் வங்கி வைத்திருக்கிற வரம்பு. முன்பு 5,000-ஆக இருந்ததை 2022 ஜூனில் உயர்த்தினார்கள். கரண்ட் பில், இன்ஷூரன்ஸ் கட்டுகிறவர்களுக்கு வசதிதான். அதே வாசல் வழியாக இவர்களும் நுழைகிறார்கள்.

பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன்னால் தகவல் வர வேண்டும் என்றும் விதி இருக்கிறது. வந்திருக்கிறது, இல்லை என்று சொல்ல மாட்டேன். ரீசார்ஜ் விளம்பரம், உடனடிக் கடன், ரம்மி எல்லாவற்றுக்கும் நடுவில், ஆங்கிலத்தில். மாமா எஸ்எம்எஸ் பக்கமே போவதில்லை. கடலுக்குப் போகும்போது போனை பாலிதீன் பையில் சுற்றி டப்பாவுக்குள் போட்டுவிடுவார், கரை ஏறினால் வீட்டுக்குப் போன் பேசுவார், காற்று பார்ப்பார், அவ்வளவுதான்.

சரி, நிறுத்தலாம் என்று போனால் அங்கேதான் ஆரம்பிக்கிறது கூத்து. மாமா பையன் ஏற்கனவே அந்த ஆப்பை போனிலிருந்து நீக்கியிருந்தான். "அதான் டெலிட் பண்ணிட்டேனே, அப்புறம் எப்படி எடுக்குறான்?" என்று அவனுக்குக் கோபம். ஆப்பை நீக்கினால் அது போனிலிருந்துதான் போகும். ஒப்புதல் வங்கிக் கணக்கோடு அப்படியே இருக்கும். சிம்மை மாற்றினாலும் புதுப் போன் வாங்கினாலும் அதே கதைதான்.

மறுபடி ஏற்றி உள்ளே போனோம். நிறுத்தும் இடத்தைக் கண்டுபிடிக்கவே நேரம் பிடித்தது. கண்டுபிடித்துத் தொட்டால் "போகாதீர்கள், உங்களுக்கு மட்டும் பாதி விலை" என்று ஒரு திரை. அதைத் தாண்டினால் ஏன் போகிறீர்கள் என்று கேள்விகள். ஒவ்வொரு திரையிலும் தொடர்வதற்கு எடுப்பான நிறத்தில் பட்டன், விலகுவதற்கு வெளுத்துப்போன எழுத்து. கடைசியில் இமெயில் அனுப்பச் சொன்னது. அனுப்பினால் ஏழு வேலை நாட்களில் பரிசீலிப்போம் என்று இயந்திரம் பதில் போட்டது. ஏழு வேலை நாள் என்றால் அதற்குள் இன்னொரு 199.

வங்கியில் நடந்தது இன்னும் மோசம். மாமாவும் அத்தையும் வேலையைப் போட்டுவிட்டுக் கிளைக்குப் போனார்கள். "பின் போட்டது நீங்கதான? ஆப்காரன்ட்ட கேளுங்க" என்று கவுண்டரில் இருந்தவர் தலையைத் தூக்காமலே சொல்லியிருக்கிறார். பக்கத்தில் இருந்தவர் கணக்கை மூடிவிட்டு வேறு கணக்கு ஆரம்பிக்கச் சொன்னாராம். நிவாரணம், கேஸ் மானியம், அத்தைக்கு நூறு நாள் வேலைச் சம்பளம் எல்லாம் வந்து சேர்கிற கணக்கை மூடுவதாம்! இந்த மாதிரித் தொடர் ஒப்புதலை வாடிக்கையாளர் எப்போது வேண்டுமானாலும் விலக்கிக்கொள்ள வழி செய்து தருவது பணம் கழிக்கிற வங்கியின் கடமை, அதற்குக் கட்டணமும் வாங்கக் கூடாது. இதுவும் ரிசர்வ் வங்கி சொன்னதுதான். கவுண்டருக்கு அந்தச் சேதி இன்னும் வந்து சேரவில்லை போலிருக்கிறது.

இதற்கிடையில் மாமா பையன் ஒரு வேலை செய்தான். அந்த ஆப்பின் பெயரோடு கஸ்டமர் கேர் என்று போட்டுத் தேடி, கிடைத்த நம்பருக்குப் பேசினான். எடுத்த ஆள் தேன் ஒழுகப் பேசினான். முழுப் பணமும் திருப்பித் தருகிறோம், ஒரு சின்ன ஆப் ஏற்றுங்கள், வருகிற நம்பரைச் சொல்லுங்கள் என்றான். அது நம் திரையை அவன் பார்ப்பதற்கான ஆப். நல்லவேளை, போனில் இடம் இல்லாமல் ஏறவில்லை. தேடினால் முதலில் வந்து நிற்கிற கஸ்டமர் கேர் நம்பர் பல நேரம் திருடன் போட்டு வைத்ததாக இருக்கும். அப்படி யாரிடமாவது ஏற்கனவே பணம் போயிருந்தால் ஒரு நிமிடம்கூடத் தாமதிக்காமல் சைபர் குற்ற உதவி எண் 1930-க்குப் பேசுங்கள்.

கடைசியில் நின்றது எங்கே தெரியுமா? யுபிஐ ஆப்பிலேயே. மேலே மூலையில் இருக்கும் நம் படத்தைத் தொட்டால் வரும் பட்டியலில் ஆட்டோபே அல்லது மேண்டேட் என்று ஒரு வரி இருக்கும். உள்ளே யார் யாருக்கு ஒப்புதல் கொடுத்திருக்கிறோம் என்று வரிசையாக வரும். வேண்டாததைத் தொட்டு, தற்காலிக நிறுத்தம் என்பதை விட்டுவிட்டு ரத்து என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். தற்காலிகம் என்றால் மறுபடி முளைக்கும். ஒன்றுக்கு மேற்பட்ட யுபிஐ ஆப் வைத்திருப்பவர்கள், பின் போட்டது எதில் என்று யோசித்து முதலில் அதில் பாருங்கள்.

ரத்து செய்யும்போது பின் கேட்கும். மாமா அங்கே கையை இழுத்துக்கொண்டார். "பணம் வாங்குறதுக்குப் பின் போடாதன்னு சொல்றாங்க, இப்ப நீ போடச் சொல்ற?" கேட்டது நியாயம்தான். பணம் நமக்கு வருவதற்குப் பின் தேவையே இல்லை. அப்படிக் கேட்டால் அது திருட்டு. ரத்து என்பது நாம் கொடுத்த உத்தரவை நாமே திரும்ப வாங்குவது, அதனால் கேட்கிறது. போனில் யாரோ சொல்லச் சொல்லப் போடாமல், நம் ஆப்புக்குள் நாமே போய், ரத்து என்று எழுதியிருப்பதைப் படித்துவிட்டுப் போட வேண்டும். போட்டார். ரத்தானதாகச் செய்தி வந்தது. அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்தேன், பிறகு புகாருக்கு உதவியது.

சில ஆப்கள் பிளே ஸ்டோர் வழியாகப் பணம் எடுக்கும். அப்போது ஆட்டோபே பட்டியலில் ஆப்பின் பெயர் இருக்காது, கூகுள் பிளே என்று இருக்கும். பிளே ஸ்டோரில் நம் படத்தைத் தொட்டு, பேமெண்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் என்பதற்குள் போய் அங்கே நிறுத்த வேண்டும். பணம் எடுத்து 48 மணி நேரத்துக்குள் என்றால் கூகுளிடமே திருப்பிக் கேட்கலாம். அதற்கு மேல் ஆனால் ஆப்காரர்களிடம் மல்லுக்கட்ட வேண்டியதுதான். ஏடிஎம் கார்டு நம்பர் கொடுத்திருந்தால் வங்கியின் சொந்த ஆப்பிலோ நெட் பேங்கிங்கிலோ பாருங்கள்.

பணம் திரும்பி வந்ததா என்று கேட்பீர்கள். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் பேசினோம், தமிழிலேயே பேசலாம். வலுக்கட்டாயமாகச் சந்தாவில் மாட்டிவிடுவதையும், வெளியேறும் வழியை ஒளித்து வைப்பதையும் தடை செய்து 2023 நவம்பர் 30-ல் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் விதிமுறை வெளியிட்டிருக்கிறது. இப்படி ஏமாற்றும் 13 வகைத் தந்திரங்களில் சந்தாப் பொறியும் ஒன்று. அதைக் குறிப்பிட்டு, நிறுத்தப் போனபோது வந்த திரைகளின் ஸ்கிரீன்ஷாட்டையும் சேர்த்தோம். 597 மட்டும் திரும்பி வந்தது. அதுவும் ஒரு நல்லெண்ண அடிப்படையில் தருகிறார்களாம், தர்மப் பிரபுக்கள். மீதிக்குப் பதிலே இல்லை.

இந்தக் கூத்துக்குப் பிறகு அக்கம்பக்கத்தில் போனைக் கொண்டுவந்து காட்டினார்கள். கடல்பாசி எடுக்கப் போகிற ஒரு அக்கா போனில் குட்டி நாடகம் பார்க்கிற ஆப் இரண்டு, பிள்ளைகள் வேலை. இன்னொருவருக்கு ஜோசியம். ஒரு பெரியவருக்கு ஆட்டோபே எதுவும் இல்லை, ஆனால் ரீசார்ஜ் காசு தானாகக் கரைந்துகொண்டிருந்தது. அது சிம் கம்பெனி வழியாக ஒட்டிக்கொள்கிற பாட்டு, கிரிக்கெட் வகையறா. அதற்கு 155223 என்ற எண்ணுக்குப் பேசியோ எஸ்எம்எஸ் அனுப்பியோ நிறுத்தலாம்.

காற்று பார்க்கக் காசு கொடுக்கவே தேவையில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தின் மீனவர் நண்பன் ஆப் தமிழிலேயே, இலவசமாக இருக்கிறது. மத்திய அரசின் கடல் தகவல் மையமான இன்காய்ஸ் கொடுக்கிற அலை, காற்று விவரமும் இலவசம். பாம்பனில் கடல் ஓசை வானொலி 90.4 இருக்கவே இருக்கிறது. மாமாவுக்கு இப்போது மீனவர் நண்பன் ஏற்றிக் கொடுத்திருக்கிறேன். ஆனால் அந்தப் பழைய ஆப்பில் அம்புக்குறி பார்க்க இன்னும் நன்றாக இருந்தது என்று முணுமுணுக்கிறார்.

வங்கிக் கிளையில் வாய்மொழியாகச் சொன்னதை இப்போது எழுத்தில் கொடுத்து, முத்திரை போட்ட நகல் வாங்கி வைத்திருக்கிறோம். 30 நாளுக்குள் பதில் இல்லாவிட்டாலோ, பதில் சரியில்லாவிட்டாலோ ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். அதற்கான உதவி எண் 14448. அந்த 30 நாள் இன்னும் முடியவில்லை.